திருவண்ணாமலை அரசவை: அந்தப்புரக் கதைகளுக்கு ஒரு மறுப்பு

ஒய்சள மன்னன் மூன்றாம் வீர வல்லாளன் 1328 அளவில் திருவண்ணாமலையைத் தன் அரசிருக்கையாக்கிக்கொண்டான். 1342இல் அவன் மாளும்வரை தென்னிந்தியாவின் முதன்மையான அரசவைகளுள் ஒன்று இந்த மலையடிவாரத்தில் இயங்கியது. கன்னடக் கல்வெட்டுகள் இவ்வூரை உண்ணாமலைப் பட்டணம் என்று குறிக்கின்றன. அவன் வாழ்ந்த அரண்மனை இன்று இல்லை. அவன் பெயரால் வழங்கும் வல்லாள கோபுரமும் அவனைப் பற்றிய ஒரு புராணக் கதையும் மாசி மாதத்தில் நடக்கும் ஒரு சடங்கும் எஞ்சியிருக்கின்றன.

இந்த அரசவையைப் பற்றி மேடைகளிலும் வழிகாட்டி நூல்களிலும் சொல்லப்படுவது ஏறத்தாழ ஒரே கதைதான். தலைநகரைப் பறிகொடுத்த முதிய மன்னன் ஓடிவந்து அண்ணாமலையாரிடம் அடைக்கலம் புகுந்தான். பிள்ளையில்லாக் குறையோடும் இரண்டு மனைவியரோடும் பக்தியில் காலம் கழித்தான். கடைசியில் வஞ்சகத்தால் மாண்டான். இந்தக் கதைக்கு முட்டுக்கொடுத்து நிற்பது இன்னும் பெரிய நம்பிக்கை ஒன்று. அரசவை என்றால் அந்தப்புரக் கேளிக்கை, சக்களத்திப் பொறாமை, அமைச்சரின் சூழ்ச்சி, கிண்ணத்தில் நஞ்சு. அரசுகள் எழுந்ததும் விழுந்ததும் இவற்றால்தான் என்பது அந்த நம்பிக்கை. தொடர்கதைகளும் திரைப்படங்களும் இதை முக்கால் நூற்றாண்டாக வளர்த்துவிட்டன. வல்லாளனைப் பற்றிய கதையும் சரி, அரசவைகளைப் பற்றிய பொதுநம்பிக்கையும் சரி, கிடைத்திருக்கும் சான்றுகளோடு பொருந்தவில்லை.

முதலில் அடைக்கலக் கதை. வல்லாளன் ஆட்சிக்கு வந்தது 1290களின் தொடக்கத்தில். அதற்கு முன்பே, 1254இல், ஒய்சள நாடு இரண்டாகப் பிரிந்திருந்தது. கன்னடப் பகுதி துவாரசமுத்திரத்திலிருந்து மூன்றாம் நரசிம்மனால் ஆளப்பட்டது. தமிழ்ப் பகுதி, திருவரங்கத்துக்கு வடக்கே இன்றைய சமயபுரத்தை ஒட்டிய கண்ணனூரில் இருந்த இராமநாதனுக்குப் போனது. நரசிம்மனின் மகனான வல்லாளன், இராமநாதனுக்கும் அவன் மகன் விசுவநாதனுக்கும் பிறகு, 1300ஐ ஒட்டி இரண்டு பகுதிகளையும் மீண்டும் ஒன்றாக்கினான். தமிழ்நாடு அவனுக்கு அயலூர் அன்று. பாட்டன் காலத்திலிருந்து குடும்பம் ஆண்ட மண். 1311இல் தில்லித் தளபதி மாலிக் கபூரின் படை துவாரசமுத்திரத்தை முற்றுகையிட்டபோது அவன் பணிந்தான். மகன் வீர விருபாட்சனைத் தில்லிக்கு அனுப்பினான். இரண்டு ஆண்டுகளில் மகன் திரும்பி வந்தான். 1327இல் தில்லி சுல்தான் முகமது பின் துக்ளக்கின் படை வந்தபோது துவாரசமுத்திரம் அழிந்தது. அதற்கடுத்த ஆண்டில்தான் திருவண்ணாமலை அவனுடைய கல்வெட்டுகளில் அரசிருக்கையாகத் தோன்றுகிறது.

இந்த வரிசையில் ஓட்டத்தைப் பார்ப்பவர்கள் நிலப்படத்தைப் பார்க்கவில்லை. திருவண்ணாமலைக்கு மேற்கே செங்கம். அதையடுத்த கணவாய் வழியாகத்தான் கிருஷ்ணகிரி, தருமபுரி மேட்டுநிலமும் அதற்கப்பால் மைசூர்ப் பீடபூமியும் தமிழ்ச் சமவெளியோடு இணைகின்றன. கிழக்கே செஞ்சி மலைகள்; தெற்கே திருக்கோவலூர் வழியாகக் காவிரிக்கரை. ஒரு கையில் கன்னட நாட்டையும் மறு கையில் கண்ணனூரையும் பிடித்துவைக்க நினைக்கும் அரசனுக்கு இதைவிடப் பொருத்தமான இடம் இல்லை. இவ்விடத்தின் மதிப்பை நான்கு நூற்றாண்டுகளுக்குப் பிறகு நடந்த போர்களும் உறுதிசெய்தன. 1767 செப்டம்பரில் ஐதர் அலியும் ஐதராபாத் நிஜாமும் ஒருபுறமும், கர்னல் ஜோசப் ஸ்மித்தின் ஆங்கிலப் படை மறுபுறமும் நின்று, முதலில் செங்கத்திலும் பிறகு திருவண்ணாமலையிலும் மோதின. அவர்களை இங்கே இழுத்ததும் அந்தக் கணவாய்தான்.

ஒளிந்துகொள்ள வந்தவன் ஓரிடத்தில் அடங்கியிருப்பான். வல்லாளனோ அடங்கியிருக்கவில்லை. அவனுடைய பிற்காலக் கல்வெட்டுகள் அரசன் தங்கியிருந்த இடமாக உண்ணாமலைப் பட்டணத்தையும் சொல்கின்றன, கன்னட நாட்டின் ஊர்களையும் சொல்கின்றன. அரசன் இருந்த இடமே அரசவை. யானையும் குதிரையும் எழுத்தரும் கருவூலமும் அவனோடு நகர்ந்தன. 1335இல் மதுரையில் ஜலாலுத்தீன் அசன் கான் தில்லியிலிருந்து பிரிந்து தனி சுல்தானியத்தை நிறுவியபோது, அதற்கு வடக்கே எதிர்த்து நிற்கும் வலிமையோடு இருந்த அரசன் திருவண்ணாமலையில் இருந்தான். எண்பது வயதளவில் தானே படை நடத்திக் கண்ணனூர்வரை சென்றவனைத் துறவு மனநிலையில் ஒதுங்கியவன் என்று எழுதுவது அவனுக்கு இழைக்கும் அநீதி.

அடுத்தது, அரசவையில் நாள்தோறும் நடந்தது என்ன என்ற கேள்வி. கேளிக்கை என்று விடை சொல்பவர்களுக்குச் சோழர் செப்பேடுகள் நேரான மறுப்பு. முதலாம் இராசராசன் நாகப்பட்டினத்துச் சூளாமணி விகாரத்துக்கு ஆனைமங்கலத்தைப் பள்ளிச்சந்தமாக விட்ட செய்தி, பெரிய லைடன் செப்பேடு என்று அறியப்படும் ஆவணத்தில் உள்ளது. ஆட்சியின் 21ஆம் ஆண்டு, 92ஆம் நாள், தஞ்சாவூர்ப் புறம்படி மாளிகையின் தென்பக்க மண்டபத்தில் அரசன் இருந்தபோது வாய்மொழியாக இட்ட ஆணை அது. அந்தச் சொல்லை ஓலையில் எழுதினார் ஒருவர், ஒப்புநோக்கினார் மற்றொருவர், வரிக்கணக்கில் ஏற்றினார்கள் வேறு சிலர், நிலத்தின் எல்லையைப் பிடியானை நடத்திக் குறித்தார்கள் ஊரார். அரசன் வாய் திறந்து சொன்ன ஒரு சொல் நிலமாக மாறுவதற்குள் கையெழுத்திட்ட அதிகாரிகளின் வரிசை நீண்டுகொண்டே போகிறது. நாளும் இடமும் கூடப் பிசகாமல் எழுதிவைத்த இந்த அமைப்புத்தான் அரசவை. திருவண்ணாமலைக் கோயில் சுவர்களில் சோழர், காடவர், ஒய்சளர், விசயநகரத்தார் காலங்களில் வெட்டப்பட்ட எழுத்துகளிலும் இதே உலகத்தையே காணலாம். விளக்குக்கு விட்ட ஆடுகள், இறையிலி நிலம், நந்தவனம், மடத்துக்குச் சோறு, வரி நீக்கம். படிப்பவருக்குக் கிளர்ச்சியூட்டும் செய்தி ஒன்றும் அவற்றில் இல்லை. அரசு நின்றது அவற்றின்மேல்தான்.

இவ்வட்டாரத்து அரசவையைப் பற்றிய மிகப் பழைய சித்திரமும் இதையே சொல்கிறது. பத்துப்பாட்டில் ஒன்றான மலைபடுகடாம், செங்கண்மா என்று அன்று வழங்கிய செங்கத்தை ஆண்ட நன்னன்மேல் இரணிய முட்டத்துப் பெருங்குன்றூர்ப் பெருங்கௌசிகனார் பாடியது. 583 அடிகளில் பெரும்பகுதி அரண்மனைக்குள் நடப்பதைப் பேசவில்லை. அரண்மனைக்குப் போகும் வழியைப் பேசுகிறது. எந்த மேட்டில் வழுக்கும், எந்த ஊரில் என்ன சோறு கிடைக்கும், காவலர் கேட்டால் என்ன சொல்ல வேண்டும் என்று கூத்தருக்கு வழி சொல்கிறார் புலவர். நன்னனின் முற்றத்தில் மலைவாழ் மக்கள் கொண்டுவந்து குவித்த பொருள்கள் கிடக்கின்றன. எளியவன் நுழையலாம், நுழைந்தவனுக்கு வரவேற்பு உண்டு என்பதே அந்த அவையின் பெருமையாகப் பாடப்பட்டது.

அந்தப்புரத்தைப் பற்றிய தவறான எண்ணம் இன்னும் ஆழமாக வேரூன்றியிருக்கிறது. அது அரசனின் இன்பத்துக்காக அடைக்கப்பட்ட பெண்களின் கூட்டம் என்றே பேசப்படுகிறது. திருவண்ணாமலையின் 11 நிலை இராசகோபுரத்தைத் தொடங்கிய கிருஷ்ணதேவராயரின் அவையைப் பற்றி இரண்டு போர்ச்சுகீசியர் எழுதியிருக்கிறார்கள். 1520 அளவில் விசயநகரத்தைப் பார்த்தவர் டொமிங்கோ பயஸ்; 1535 அளவில் எழுதிய குதிரை வணிகர் பெர்னாவோ நூனிஸ். அரண்மனையில் மல்யுத்தம் செய்யும் பெண்களும் சோதிடம் பார்க்கும் பெண்களும் இருந்ததாக நூனிஸ் எழுதுகிறார். அதற்கு மேலாக, உள்வாயிலுக்குள் ஆகும் செலவுகளுக்கெல்லாம் கணக்கு எழுதிய பெண்களும், நாட்டு நிகழ்ச்சிகளைக் குறித்துவைத்து வெளியே இருந்த எழுத்தர்களின் ஏட்டோடு ஒத்துப்பார்த்த பெண்களும் இருந்தார்கள் என்கிறார். அரசின் கணக்குக்கு இரண்டு பிரதிகள். ஒன்று பெண்களின் கையில். வெளியே இருந்தவர் பொய் எழுதினால் பிடிபடுவதற்கான ஏற்பாடு அது. அரண்மனைப் பெண்களில் பலர் விருப்பமின்றி அங்கே கொண்டுவரப்பட்டவர்கள் என்பதை இது அழித்துவிடாது. அரண்மனைப் பெண்டிர் குடியிருப்புகளான சோழர் காலத்து வேளங்களில் போரில் பிடிபட்ட பெண்கள் இருந்தார்கள். அவர்கள் உழைத்தார்கள், அறிந்தார்கள், எழுதினார்கள் என்பதை மறைத்துவிட்டு அவர்களை வெறும் அலங்காரமாகக் காட்டுவது அந்தக் கொடுமைக்கு மேல் இன்னொரு கொடுமை.

வல்லாளன் மாண்ட ஒரு தலைமுறைக்குள் அதே மதுரை சுல்தானியத்தை எதிர்த்து விசயநகர இளவரசன் குமார கம்பணன் வந்தான். திருவண்ணாமலைக்கு வடக்கே படைவீட்டை ஆண்ட சம்புவராயரை முதலில் அடக்கி, பிறகு மதுரைக்குப் போனான். அந்தப் படையெடுப்புக்குச் சமகால இலக்கியச் சான்று மதுரா விஜயம் என்ற வடமொழிக் காப்பியம். அதை எழுதியவர் கம்பணனின் மனைவி கங்காதேவி. சம்புவராயரின் வீழ்ச்சியைப் பற்றிப் பேசும் வரலாற்றாசிரியர் எவரும் அந்தப்புரத்திலிருந்து வந்த அந்த நூலை விட்டுவிட்டு எழுத முடியாது.

சதிகள் நடக்கவே இல்லை என்று எவரும் வாதிட முடியாது. எதிர்த்தரப்பின் வலுவான சான்றுகளை எடுத்துப் பார்ப்பதே நேர்மை. சோழ இளவரசன் ஆதித்த கரிகாலனின் கொலை அவற்றுள் புகழ்பெற்றது. கல்கியின் பொன்னியின் செல்வன் 1950 முதல் 1954 வரை தொடராக வந்த பிறகு, தமிழர் மனத்தில் அரசவை என்றதும் எழும் படம் அந்தக் கொலையின் இருட்டறைதான். புதினம் என்ற வகையில் அதன் பெருமைக்குக் குறைவில்லை. ஆனால் கொலையைப் பற்றி நமக்குக் கிடைத்திருக்கும் ஆவணம் காட்டுமன்னார்கோயிலில் உள்ள உடையார்குடிக் கல்வெட்டு. இராசராசனின் இரண்டாம் ஆட்சியாண்டில் வெட்டப்பட்ட அது சோமன், ரவிதாசன், பரமேசுவரன் என்ற உடன்பிறந்தாரைத் துரோகிகள் என்று பெயர் சொல்கிறது. அவர்களுடைய, அவர்களைச் சார்ந்தவர்களுடைய நிலங்களைப் பறித்து விற்கும்படி வீரநாராயணச் சதுர்வேதிமங்கலத்துச் சபைக்கு அரசன் ஆணையிட்டதையும், அந்நிலத்தை ஒருவர் வாங்கி அறம் வைத்ததையும் பதிவுசெய்கிறது. காரணம் என்ன, பின்னிருந்தது யார் என்று கல்வெட்டு பேசவில்லை. அந்தக் கொலையால் சோழ அரசு விழுந்ததா? அடுத்த அறுபது, எழுபது ஆண்டுகளே அதன் உச்சம். வாரிசு ஒருவன் கொல்லப்பட்டும் ஊர்ச்சபையும் வரிக்கணக்கும் நிலப்பதிவும் தடையின்றி இயங்கியதால்தான் அந்த உச்சம் வந்தது.

பாண்டியர் கதை இதைவிடக் கடினமானது. மாறவர்மன் குலசேகரன் தன் மகன் சுந்தரனைவிட வீரனை விரும்பியதாகவும், அதனால் சுந்தரன் 1310இல் தந்தையைக் கொன்றதாகவும் பாரசீக வரலாற்றாசிரியர் வஸ்ஸாப் எழுதுகிறார். பிறகு அண்ணன் தம்பிச் சண்டை. அடுத்த ஆண்டு மாலிக் கபூர். ஆகவே பாண்டிய நாட்டை அழித்தது ஒரு தந்தையின் ஓரவஞ்சனையும் ஒரு மகனின் பொறாமையும் என்று முடிவு கட்டுவது எளிது. ஆனால் வீர பாண்டியனின் ஆட்சியாண்டு 1297இலிருந்தும் சுந்தர பாண்டியனின் ஆட்சியாண்டு 1303இலிருந்தும் எண்ணப்படுகின்றன. தந்தை உயிரோடிருக்கும்போதே மகன்கள் பட்டம் கட்டி, தனித்தனிப் படையும் நாடும் வைத்து ஆள்வது பாண்டியர் வழக்கம். ஒரே நாட்டில் பல அரசர்கள் இருப்பதைக் கண்டு அயல்நாட்டுப் பயணிகளும் வியந்திருக்கிறார்கள். கொலை நடந்திராவிட்டாலும் குலசேகரனின் மறைவுக்குப் பின் அந்த இரண்டு படைகளும் மோதியிருக்கும். தில்லிப் படையும் இந்தச் சண்டையைக் கேள்விப்பட்டுக் கிளம்பியதன்று. தேவகிரியும் வாரங்கலும் ஏற்கெனவே பணிந்துவிட்டன. அடுத்த படி துவாரசமுத்திரம், அதற்கடுத்தது மதுரை. பாண்டியர் சண்டையில் ஆதாயம் தேடித் தெற்கே போயிருந்த வல்லாளன் தன் தலைநகரைக் காக்க அவசரமாகத் திரும்ப வேண்டியிருந்தது. இதில் குற்றம் சொல்ல வேண்டியது எவருடைய பொறாமையையும் அன்று. யார் அடுத்த அரசன் என்று முன்கூட்டித் தீர்மானிக்கும் விதி இல்லாமை, படைகளைப் பங்குபோட்டுக் கொடுத்த ஏற்பாடு, தெற்கத்தி அரசர்கள் ஒருவரையொருவர் தின்று வளர்ந்த அரசியல் ஆகியவையே காரணங்கள். சதிக்கதை இந்தக் காரணங்களை மறைத்துவிட்டு ஒரு கெட்டவனைக் காட்டி நம்மைத் திருப்திப்படுத்துகிறது. அதனால்தான் அது தீங்கானது.

காடவ மன்னன் கோப்பெருஞ்சிங்கன் 1231இல் சோழப் பேரரசன் மூன்றாம் இராசராசனைச் சேந்தமங்கலத்தில் சிறைவைத்ததையும் துரோகத்தின் பட்டியலில் சேர்ப்பார்கள். திருவயிந்திபுரத்துக் கல்வெட்டு அந்நிகழ்ச்சியை விவரிக்கிறது. ஒய்சள இரண்டாம் நரசிம்மனின் தண்டநாயகர் அப்பண்ணனும் சமுத்திர கோப்பய்யனும் வழிநெடுக ஊர்களை அழித்துக்கொண்டு வந்து சோழனை மீட்டார்கள் என்பது அதன் செய்தி. இருட்டறையில் திட்டமிட்ட வேலையாக எதுவும் அதில் தெரியவில்லை. சோழனின் பிடி தளர்ந்தபோது படைவலிமை மிக்க குறுநில மன்னன் வெளிப்படையாகப் போர் செய்து வென்றான், அவ்வளவே. 

அரசனைக் கொல்லத் திட்டமிட்ட உண்மையான அரண்மனைச் சதி ஒன்றுக்குச் சமகாலச் சான்று உண்டு. 1443இல் விசயநகரம் வந்த பாரசீகத் தூதர் அப்துர் ரசாக், தாம் கோழிக்கோட்டில் இருந்தபோது நடந்ததாக இதை எழுதுகிறார். இரண்டாம் தேவராயரின் உடன்பிறந்தான் புதுமனை கட்டி விருந்துக்கு அழைத்து, மேளச் சத்தத்துக்கு நடுவே பெருமக்களை ஒவ்வொருவராக உள்ளே கூட்டிக் கொன்றான். பிறகு அரசரையே குத்தினான். அரசர் பிழைத்தார். அவையின் தலைவர்கள் பலர் ஒரே இரவில் மாண்டும் அரசு குலையவில்லை. தேவராயர் 1446 வரை ஆண்டார். சதி நடந்தது என்பதற்கும் சதி வரலாற்றை நடத்தியது என்பதற்கும் உள்ள தூரத்தை இந்த ஒரு நிகழ்ச்சியே அளந்து காட்டிவிடும்.

இதே தேவராயரை, பிரபுட தேவராயர் என்ற பெயரில், திருவண்ணாமலையின் அருணகிரிநாதர் வரலாற்றோடு மரபு இணைக்கிறது. சம்பந்தாண்டான் என்ற அவைச் செல்வாக்குள்ளவன் பொறாமைகொண்டு, முருகனை அரசன் கண்ணுக்குக் காட்டும்படி அருணகிரியாருக்குச் சவால் விட்டான். முருகன் தூணில் தோன்றினான். பிறகு பாரிசாத மலர் கொண்டுவரக் கிளியுருவில் போனவரின் உடலைச் சம்பந்தாண்டான் எரித்துவிட்டான் என்பது கதை. கம்பத்திளையனார் சன்னிதியும் கிளிக் கோபுரமும் அதன் நினைவுகள். பக்தர்களுக்கு இது முருகனின் அருட்செயல். அந்த நம்பிக்கையோடு வரலாற்றுக்கு வழக்கில்லை. அரசவைகள் பொறாமையால் நிறைந்தவை என்பதற்கு இதைச் சான்றாக்குவதுதான் தவறு. அரசனின் காதருகே நிற்கும் உரிமையே அன்று செல்வம், பதவி, பாதுகாப்பு எல்லாவற்றுக்கும் வழி. புதிதாக ஒருவர் வந்து அந்த இடத்தைப் பெற்றால் பழையவர் எல்லாவற்றையும் இழப்பார். பயஸ் வருணிக்கும் அவை நடைமுறையைப் பார்த்தால் இது விளங்கும். தலைவர்கள் உள்ளே வந்து வணங்கிச் சுவரோரம் தள்ளி நிற்கிறார்கள்; தங்களுக்குள் பேசுவதில்லை; வெற்றிலை மெல்லுவதில்லை; கண்ணைத் தரையில் பதித்திருக்கிறார்கள். அரசர் எவரிடமாவது பேச விரும்பினால் இடையில் ஒருவர் வழியாகப் பேசுகிறார். அந்த இடையில் நிற்பவர் யார் என்பதற்காக நடந்த போட்டியைத்தான் கதைகள் சூழ்ச்சி என்கின்றன. இதைத் தனிமனிதரின் கெட்ட குணமாகச் சுருக்கினால் அவையின் அமைப்பே கண்ணுக்குப் படாமல் போய்விடும்.

துரோகத்தை மட்டும் எண்ணுபவர்கள் அதன் மறுபக்கத்தை எண்ணுவதில்லை. ஒய்சள அவையில் கருடர் என்ற மெய்க்காவலர் மரபு இருந்தது. அரசன் மாண்டால் தாமும் மாள்வோம் என்று சூளுரைத்தவர்கள் அவர்கள். வல்லாளனின் மூதாதையான இரண்டாம் வல்லாளன் 1220இல் இறந்தபோது, குவர லட்சுமன் என்ற தண்டநாயகனும் அவன் மனைவியும் அவனைச் சேர்ந்த வீரர்களும் உயிர்துறந்ததை அளேபீடு ஒய்சளேசுவரர் கோயில் அருகே நிற்கும் தூண் சொல்கிறது. சோழர் அவையில் வேளைக்காரர் அப்படிப்பட்டவர்கள். செங்கம் வட்டாரம் முழுவதும் ஆறாம் நூற்றாண்டு முதற்கொண்டு நிற்கும் நடுகற்களில், தலைவனுக்காக, ஊருக்காக, ஆநிரைக்காக மாண்டவர்களின் பெயர்கள் உள்ளன. இவ்வளவு உயிரைக் கேட்ட விசுவாசம் நல்லதா என்பது வேறு கேள்வி. நாற்பது நடுகற்களைத் தாண்டிப்போய் ஒரு நஞ்சுக் கிண்ணத்தைத் தேடுவது வரலாறு எழுதும் முறை ஆகாது.

வல்லாளனின் முடிவுக்குச் சான்று மொராக்கோப் பயணி இப்ன் பதூதா. இவர் மதுரை சுல்தான் கியாசுத்தீனின் உறவினர். இருவரும் ஜலாலுத்தீன் அசனின் பெண்களை மணந்தவர்கள். எதிரியின் அவையிலிருந்து எழுதுபவர் என்றாலும் சுல்தானின் கொடுமையை அவர் கண்டித்தே எழுதுகிறார். அவர் கணக்கில் வல்லாளனின் படை ஒரு லட்சத்துக்கு மேல். அதில் ஏறக்குறைய 20,000 பேர் முஸ்லிம்கள். அவர்களைக் குற்றவாளிகள் என்றும் தப்பியோடிய அடிமைகள் என்றும் அவர் இகழ்கிறார். மதுரைப் படையோ 6,000 பேர். அதிலும் பாதி பயனற்றது. மதுரைப் படையின் கையிலிருந்த கண்ணனூர்க் கொப்பத்தை வல்லாளன் மாதக்கணக்கில் முற்றுகையிட்டான். உள்ளே 14 நாளுக்கே உணவு மிஞ்சியபோது, கோட்டையை ஒப்படைத்துவிட்டுப் பத்திரமாகப் போகலாம் என்று வாய்ப்பளித்தான். சுல்தானிடம் கேட்டுச் சொல்கிறோம் என்றார்கள்; அதற்காக 14 நாள் போர்நிறுத்தமும் தந்தான். அந்தக் கடிதம் மதுரையில் படிக்கப்பட்டபோது மக்கள் அழுதார்கள். சாகத் துணிந்தவர்களாகப் புறப்பட்ட சுல்தானின் படை, நண்பகல் ஓய்வு நேரத்தில், குதிரைகள் மேய்ச்சலுக்கு விடப்பட்டிருந்தபோது பாளையத்தின்மேல் பாய்ந்தது. கொள்ளையர் என்று நினைத்துச் சிலர் எதிர்கொண்டனர். எண்பது வயது அரசன் குதிரையேற முயன்றபோது பிடிபட்டான். விடுவிப்பதாகச் சொல்லி அவனிடமிருந்து செல்வத்தையும் யானைகளையும் குதிரைகளையும் வாங்கிக்கொண்ட பிறகு கியாசுத்தீன் அவனைக் கொன்றான். வைக்கோல் அடைத்த அவன் தோல் மதுரைக் கோட்டைச் சுவரில் தொங்கியதைத் தாம் பார்த்ததாக இப்ன் பதூதா எழுதுகிறார்.

இந்த வருணனையில் அரசியின் கோபம் எங்கே? அமைச்சரின் காட்டிக்கொடுப்பு எங்கே? வெற்றி கைக்கு வந்துவிட்டது என்ற நம்பிக்கையில் காவலைத் தளர்த்திய ஒரு முற்றுகையும், முறிக்கப்பட்ட ஒரு போர்நிறுத்தமும்தான் இருக்கின்றன. வஞ்சகம் நடந்தது உண்மை. அது எதிரியின் பாளையத்திலிருந்து வந்தது. வல்லாளனின் அவைக்குள் அதைத் தேடுபவர்கள், இறுதிவரை அவனோடு நின்ற பெயர் தெரியாத ஆயிரக்கணக்கானவர்கள்மேல் சான்றில்லாத பழியைச் சுமத்துகிறார்கள்.

இனி அந்தப் புராணக் கதை. எல்லப்ப நாவலரின் அருணாசல புராணம் வல்லாள மகாராசனையும் மல்லமாதேவி, சல்லமாதேவி என்ற அவனுடைய இரண்டு தேவியரையும் பாடுகிறது. சங்கமர் என்ற சிவனடியார் வேடத்தில் வந்த சிவன் ஒரு கணிகையைக் கேட்கிறார். ஊரில் ஒருத்தியும் இல்லாதபடி அவருடைய கூட்டத்தாரே எல்லாரையும் அமர்த்திவிட்டார்கள். கொடுத்த வாக்கைக் காக்க இளைய அரசி சல்லமாதேவியே முன்வருகிறாள். அவள் தொட்டதும் அவர் குழந்தையாகிறார். உனக்கு நானே மகனாக இருந்து கடன் செய்வேன் என்று வரம் தந்து மறைகிறார். இதை அந்தப்புரக் கதையாகச் சுவைகூட்டிச் சொல்பவர்கள் இதன் நடுவில் இருக்கும் சட்டத்தைக் கவனிப்பதில்லை. அவையில் சொன்ன சொல்லை அரசன் மீற முடியாது. அந்தச் சொல்லின் விலையை அரண்மனையே கொடுக்க வேண்டும். புராணம் மன்னனைப் புகழ்வது இதற்காகத்தான்.

இக்கதையை அரண்மனைப் பதிவேடாகவும் எடுத்துக்கொள்ளக்கூடாது. வரலாற்று வல்லாளனுக்கு மகன் இருந்தான். 1311இல் தில்லிக்குப் போனவன் அவனே. தந்தைக்குப் பின் 1343இல் நான்காம் வல்லாளனாக முடிசூட்டிக்கொண்டவனும் உண்டு. ஆனால் 1346க்குள் அந்த ஆட்சி மறைந்தது. விசயநகர அரசை நிறுவிய சங்கம சகோதரர்கள் அதே ஆண்டில் சிருங்கேரியில் வெற்றி விழா எடுத்தார்கள். பிள்ளையில்லாத மன்னன் என்ற கதை, வாரிசு அற்றுப்போன அந்த அரசமரபின் நினைவிலிருந்து பிறந்திருக்க வேண்டும் என்று கொள்வதே பொருத்தம். அண்ணாமலையார் அவனுக்கு மகனானார் என்பதன் வரலாற்றுப் பொருள், மறைந்த அவையின் வாரிசாகக் கோயில் நின்றது என்பதே.

அரசவை நடைமுறை எப்படி இருந்தது என்று கேட்பவர்கள் அதைக் கண்ணால் காணக்கூடிய இடமும் இக்கோயில்தான். விடியலில் பள்ளியெழுச்சி, வாயில்தோறும் காவலர், கட்டியம் கூறுபவர், சாமரம், குடை, ஆலவட்டம், யார் எதுவரை போகலாம் என்ற வரம்பு, பரிவட்டம் கட்டி மரியாதை செய்வதில் முன்பின் வரிசை, இரவில் தாம்பூலத்தோடு பள்ளியறை. இவை அரண்மனைக்கும் கோயிலுக்கும் பொதுவான ஒழுங்குகள். தை மாதத்தில் ஈசானியக் குளத்துத் தீர்த்தவாரியின்போது வல்லாளன் இறந்த செய்தி சுவாமிக்கு அறிவிக்கப்பட்டு, அவர் மேளமின்றிக் கோயில் திரும்புகிறார். மாசி மகத்தன்று பள்ளிகொண்டாப்பட்டுக்கு எழுந்தருளி, கௌதம நதியில் அவனுக்குத் திதி கொடுக்கிறார். அதன்பின் சுவாமிக்கு முடிசூட்டு நடைபெறுகிறது. இறப்புச் செய்தி, துக்கம், கடன் தீர்த்தல், பட்டம் என்று அரசுரிமை கைமாறும் முறை முழுவதும் இவ்வூரில் ஆண்டுதோறும் மக்கள் முன் நடக்கிறது. எளிய கிராமத்தார் வழிவழியாகக் காத்துவரும் இந்தச் சடங்கில் சதிகாரன் ஒருவனும் இடம்பெறவில்லை.

திருவண்ணாமலைக் கோயிலின் கல்வெட்டுகள் தொகுக்கப்பட்டு, புதுச்சேரியிலிருந்து 1990ஐ ஒட்டி நூல்களாக வெளிவந்துவிட்டன. வல்லாளனைப் பற்றிப் புதினம் எழுதுபவரும் மேடையில் பேசுபவரும் கோயிலைச் சுற்றிக்காட்டும் வழிகாட்டியும் முதலில் அந்தத் தொகுதிகளைப் புரட்டிப் பார்க்க வேண்டும். பள்ளிப் பாடத்தில் இந்த மன்னனுக்கு ஒரு பத்தி ஒதுக்கப்படுமானால், அதில் அவனுடைய மனைவியர் எத்தனை பேர் என்பதற்குப் பதிலாக, செங்கம் கணவாயும் கண்ணனூர் முற்றுகையும் இடம்பெறட்டும்.